பாஸில் ஒருவர், தாங்கிக்குள் இருவர்

பிள்ளைகளே, உங்கள் அப்பா நான், இசைக் கம்பனி எதையும் நம்பாமல் சொந்தமாகப் பாட்டு எழுதி, மெட்டுப் போட்டு, பாடி, நெட்டில் ஏற்றுகிறவன். ஒருமுறை சீனன்குடாவில் வெறுமையாகக் கிடந்த எண்ணெய்த் தாங்கிக்குள், அந்தப் பெரிய இரும்புத் தொட்டிக்குள், ரெக்கோர்டிங் செய்ய ஒருநாள் அனுமதிப் பாஸ் எடுத்தேன். அந்த இரும்புக்குள் பாடினால் வரும் எதிரொலி எந்த ஸ்டூடியோவிலும் வராது.

அங்கே பாடப் போன பாட்டு நானும் கப்பல்துறை ஊர் நண்பன் அன்ரனும் சேர்ந்து எழுதியது. இரண்டாம் சரணம் அவனுடையது. வெளியிட முன்பே அவன் காய்ச்சலில் இறந்துபோனான். அந்தச் சரணத்தை வெட்டினால் என் பெயரை மட்டும் போடலாம் என்று நினைத்து வெட்டினேன். அதை நாங்கள் வேறு எவருக்கும் பாடிக் காட்டியதில்லை.

காலை பத்து மணிக்கு மூன்று முறை பாடி மூன்று டேக் பதிவு செய்தேன். சரணத்தை வெட்டிய இடத்தில் எதிரொலி அடங்கட்டும் என்று வாய்மூடி நின்றேன். அது அடங்க அதிக நேரம் எடுத்தது.

வெளியே வந்ததும் காவலுக்கு நின்ற சிவம் அண்ணை மறித்தார்.

“மற்றவர் எங்க தம்பி?”

“நான் தனியத்தான் வந்தனான் அண்ணை.”

“எனக்குக் கதை விடாதையும். பாஸில ஒராள்ர பேர்தான் கிடக்கு. என்ர வேலை போகும்.”

டோர்ச்சோடு உள்ளே போய்ச் சுவரோரமாகச் சுற்றினார். வட்டத் தாங்கிக்கு மூலை இல்லை, ஒளியவும் இடமில்லை. திரும்பி வந்தபோது அவருடைய குரல் இறங்கியிருந்தது.

“நீர் நிப்பாட்டின நேரமெல்லாம் அவர் பாடினவர். ‘கரைக்கு வராத தோணிக்கும் கயிறு காத்திருக்கும்’ எண்டு. உம்மை விட நல்லாப் பாடினார்.”

அது அன்ரனின் வரி.

ஹெட்போனைப் போட்டு மூன்று டேக்கையும் கேட்டேன். அந்த இடத்தில் என் மூச்சு மட்டும்தான் இருந்தது.

“அண்ணை, இன்னொருக்காப் பாடட்டோ?”

“பாடும். நான் வாசலைவிட்டு அசையமாட்டன்.”

உள்ளே போனேன். இந்த முறை அன்ரனின் சரணத்தையும் சேர்த்து முழுதாகப் பாடினேன். கடைசிச் சொல்லுக்குப் பின் எதிரொலி சட்டென்று அடங்கியது.

“இப்ப சரி,” என்றார் சிவம் அண்ணை, பாஸைத் திருப்பித் தந்தபடி. “ஒராள்ர குரல்தான் கேட்டது.”

அந்தப் பாட்டில் இப்போது இரண்டு பெயர் இருக்கிறது. அன்ரனின் பெயர் முதலில். நீங்களும் நாளைக்கு யாரோடாவது சேர்ந்து ஒரு வேலை செய்வீர்கள். மற்றவருடைய பங்கை வெட்டிவிட்டு, அந்த இடம் சும்மா கிடக்கும் என்று மட்டும் நம்பாதீர்கள்.