நுணா மரத்தடி நிலம்

எனக்கு எழுபது தாண்டிவிட்டது. ஆதார் அட்டையில் அதைவிடக் குறைவாகப் போட்டிருக்கிறது. போட்டவர் என் முகத்தைப் பார்த்துப் போட்டார், நான் சொன்னதைக் கேட்டுப் போடவில்லை. ஏழு பேரை வளர்த்தேன். ஐந்து என் வயிற்றில் பிறந்தவை, இரண்டு என் தங்கை செங்கல் சூளையில் செத்தபோது விட்டுப்போனவை. எது என்னுடையது, எது அவளுடையது என்று யாரும் கேட்டதில்லை. கேட்க விட்டதுமில்லை. ஆறு பேர் ஆளாகிவிட்டார்கள். ஒருத்தி மண்ணில் இருக்கிறாள். இது அவளைப் பற்றியும் அந்த மண்ணைப் பற்றியும்தான்.

எழுத்து எனக்கு வயதான பிறகு வந்தது. பள்ளிக்கூடத்தில் சாயங்காலம் பெரியவர்களுக்கு வகுப்பு நடந்தபோது, சவுக்கு வெட்டிவிட்டு அந்த அழுக்குக் கையோடு போய் உட்கார்ந்து கற்றேன். ஒரு வரி எழுதி முடிப்பதற்குள் வாயில் போட்ட வெற்றிலை சக்கையாகிவிடும். ஆகட்டும். எனக்கு அவசரம் இல்லை.

நாங்கள் இருளர். எங்களைப் பற்றி எழுதியவர்கள் நிறையப் பேர். காலேஜிலிருந்து வருவார்கள். பாம்பு பிடிப்பீர்களா, எலி தின்பீர்களா என்று கேட்டு எழுதிக்கொண்டு போவார்கள். பிடித்தோம், தின்றோம், அதில் வெட்கம் ஒன்றுமில்லை. எங்கே இருந்தீர்கள் என்று மட்டும் ஒருவரும் கேட்கவில்லை. கேட்காமலே, ஓரிடத்தில் தங்காமல் திரிகிறவர்கள் என்று எழுதிவிட்டார்கள். எங்கள் இடத்தை பிளாட் போட்டு விற்க வந்த ஆள் அந்த வரியை எங்கிருந்தோ எடுத்துத் தன் மனுவில் சேர்த்திருந்தான். தாலுகா ஆபீஸில் அந்தக் காகிதத்தை வாங்கி, விரல் வைத்து, எழுத்து எழுத்தாக நானே படித்தேன். திரிகிறவர்கள். நல்ல வேளை, படிக்கத் தெரிந்திருந்தது. கெட்ட வேளை என்றும் சொல்லலாம்.

நாங்கள் இருந்த இடம் கருங்குழியிலிருந்து உள்ளே தள்ளி, ஏரிக்கு அந்தப் பக்கம். முள்ளுக்காடாகக் கிடந்ததை என் மாமனாரின் அப்பா வெட்டித் திருத்தினார். என் வீட்டுக்காரர் அங்கேதான் பிறந்தார், அங்கேதான் புதைத்தோம். பட்டா கிடையாது. யாரிடம் கேட்பது என்று தெரியாத காலத்தில் கேட்கவில்லை. தெரிந்து கேட்டபோது, வரும், வரும் என்றார்கள். ரேஷன் அட்டையில் ரோட்டோரத்துப் பெரிய ஊரின் பெயர்தான் இருக்கும். எங்கள் வீடுகளுக்குக் கதவு எண் இல்லை. பாதி வீடுகளுக்குக் கதவே இல்லை.

சுவர் என்று சொன்னால் அதுவும் பழைய சீலைதான். மேலே தார்ப்பாய். மாசி மகம் வந்தால் அந்தச் சீலையையும் தார்ப்பாயையும் அவிழ்த்துக் கட்டிக்கொண்டு மாமல்லபுரம் கடற்கரைக்குப் போவோம். குஞ்சு குளுவானோடு எல்லாரும் போவோம். எங்கள் கன்னியம்மா கோபித்துக்கொண்டு கடலுக்குப் போய்விடுவாள், அவளைக் கூப்பிட்டு வர வேண்டும். மணலில் கொம்பு நட்டு, அதே சீலையைச் சுற்றி, அங்கே ஒரு வீடு கட்டுவோம். விடிந்ததும் ஈர மணலில் படி கட்டிப் பூ வைப்போம். கல்யாணம், பெயர் வைப்பது எல்லாம் அங்கேதான். வேறு சீலை வாங்க முடியாததால் மட்டும் இல்லை, வீட்டுச் சீலையைக் கட்டினால்தான் அவளுக்கு வீடு தெரியும் என்று என் மாமியார் சொல்வார்.

அந்த வருஷமும் அவிழ்த்தோம். என் மருமகள் தார்ப்பாயைச் சுருட்டிக்கொண்டே முனகினாள்.

"இத்தயும் எட்த்துகினு போனா வூட்ல இன்னாதான் கீது அத்த? நாலு கொம்பு கீது."

"கொம்ப எவன் தூக்கினு போவப் போறான்? கட்டுடி."

கடற்கரையில் கண்ணாடி போட்ட ஒரு பெண், ஏதோ கம்ப்யூட்டர் ஆபீஸில் வேலையாம், எங்கள் சீலை வீட்டைப் போட்டோ எடுத்துக்கொண்டே கேட்டாள்.

"பாட்டி, இங்கேயேதான் இருப்பீங்களா?"

"எங்காத்தா கோச்சிகினு வந்துட்டாம்மா. கூப்ட வந்துகீறோம்."

"வருவாங்களா?"

"வருசா வருசம் வரா. வருசா வருசம் கோச்சிக்கிறா. பொம்பள இல்ல?"

அவள் சிரித்தாள். எனக்கும் சிரிப்பு வந்தது. அன்றைக்குச் சிரித்ததுதான்.

சீலை மூட்டைகளோடு குட்டியானை வண்டியில் திரும்பினோம். ஏரிக்கரை வளைவில் வண்டி திரும்பியதும் என் மகன் எழுந்து நின்றுவிட்டான். வீடுகள் இருந்த இடம் தட்டையாக இருந்தது. கொம்பு ஒன்றுகூட இல்லை. மண்ணில் ஜேசிபி சக்கரத்தின் தடம். வரிசையாக மஞ்சள் பெயின்ட் அடித்த கல். என் வீட்டுக்காரரைப் புதைத்த மேடு எங்கே இருந்தது என்று தேடினேன். எல்லா இடமும் ஒன்றுபோல இருந்தது. ஓரத்தில் நுணா மரம் மட்டும் நின்றது. அதன் அடியில்தான் என் சின்ன மகள் இருக்கிறாள். மழை விடாமல் பெய்து ஏரி ரோட்டை மூடிய ஒரு வருஷம், காய்ச்சலில் போனாள். அப்போதுதான் வாய் நிறையப் பேச ஆரம்பித்திருந்தாள்.

பிளாட்காரனின் ஆள் ஒருவன் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தான். என் மகன் சண்டைக்குப் போனான். அவன் எழுந்திருக்கவே இல்லை.

"சும்மா இரு நைனா. இங்க எவன் இருந்தான்? போட்டோ எட்த்து வெச்சிகீறோம். ஒரு துணி கீதா, ஒரு சட்டி கீதா? வெறும் கொம்பு நின்னுகினு இருந்துச்சி. வுட்டுட்டுப் போன எடம்னு நெனச்சோம்."

நினைக்கவில்லை. மாசி மகம் என்றைக்கு என்று காலண்டரில் போட்டிருக்கிறது.

மனு கொடுத்தோம். அலைந்தோம். கடைசியில் விசாரிக்க ஒரு அதிகாரி அம்மா வந்தார். நல்ல மாதிரிதான், வெயிலில் நின்று கேட்டார்.

"ஏம்மா, நீங்க இங்க இருந்ததுக்கு என்ன ஆதாரம்?"

"எங்க ஆளுங்கள இங்கதான் பொதச்சிகீறோம் மேடம்," என்றான் என் மகன்.

பிளாட்காரன் அன்றைக்கு நேரிலேயே வந்திருந்தான். "கல்லு கீதா? பேரு கீதா? நாளைக்கு என் வூட்டு வாசல்ல வந்து, எங்க தாத்தாவ இங்கதான் பொதச்சேன்னு சொல்லுவாங்க மேடம். நான் காலி பண்ணிட்டுப் போவணுமா?"

நாங்கள் கல் நடுவதில்லை. புதைத்தவருக்குத் தெரியும், அது போதும் என்று இருந்தோம். அந்த அம்மா எங்கள் பக்கத்தில் வந்தார். பிறகு குரலை இறக்கிச் சொன்னார்: "தோண்டிப் பார்த்தா தெரிஞ்சிடும். ஆனா உங்க சம்மதம் இல்லாம நான் தொட மாட்டேன்."

மற்ற மேடுகள் எல்லாம் சக்கரத்துக்கு அடியில் போய்விட்டன. இன்ன இடம் என்று கை காட்ட முடிந்தது நுணா மரத்தடி ஒன்றைத்தான். அதனால் எல்லாரும் என்னைப் பார்த்தார்கள்.

"வாணாம் அண்ணி," என்றார் என் கொழுந்தனார். "பொதச்சத எட்க்கறது நம்ம வழக்கமில்ல."

"வாணாம்னா எங்க போயி இருக்கறது சித்தப்பா?" என்றான் என் மகன். "இந்தப் புள்ளிங்கள இட்டுகினு எங்க போறது?"

இரண்டு பேரும் சொன்னது சரிதான். மரத்தடியில் போய் உட்கார்ந்தேன். யாரும் அவசரப்படுத்தவில்லை. பிளாட்காரன் மட்டும் மணி பார்த்தான். மம்முட்டியோடு ஒரு ஆள் பக்கத்தில் வந்ததும் கையை நீட்டித் தடுத்தேன்.

"கிட்ட வராத. மம்முட்டி வாணாம். எம்பொண்ணு மேல எவனும் இரும்பு போட வாணாம். நானே எட்க்கறேன்."

கையால்தான் தோண்டினேன். எலி வளை தோண்டிய கை. வேர் வந்த இடத்தில் வேரைச் சுற்றிப் போனேன். மருமகள் மண்ணை மடியில் வாங்கி ஓரமாகக் கொட்டினாள். முதலில் கருகமணி வந்தது. பிறகு சிவப்புக் கண்ணாடி வளையல், உடையாமல். கையை நீட்டி நீட்டிக் காட்டுவாளே, அந்த வளையல். அதற்குப் பிறகு வந்ததைப் பற்றி எழுத மாட்டேன். அது எனக்கும் அவளுக்கும் உள்ளது.

அதிகாரி அம்மா செருப்பைக் கழற்றிவிட்டு நின்றார். "போதும்மா. மூடிடுங்க."

வளையலை அவளிடமே வைத்து மூடினேன். பிளாட்காரன் யாரிடமோ போனில் பேசிக்கொண்டே காருக்குப் போனான். ஜெயித்துவிட்டோம் என்று என் மகன் அழுதான். நான் அழவில்லை. கையைக் கழுவவும் மனசு வரவில்லை.

ரொம்ப நாள் கழித்து ஆர்டர் வந்தது. மகன் படித்தான். பாதியில் நிறுத்திவிட்டுத் திரும்பவும் முதலிலிருந்து படித்தான். நாங்கள் அங்கே இருந்தது உண்மை என்று போட்டிருந்தது. எங்கள் ஆட்களைப் புதைத்ததும் உண்மை. ஆகவே அந்த நிலம் இடுகாடு. இடுகாட்டில் பிளாட் போடக் கூடாது, அவன் போனான். இடுகாட்டில் குடியிருக்கப் பட்டா கொடுக்கவும் கூடாது, நாங்களும் போனோம்.

அந்த அம்மாவைப் போய்ப் பார்த்தோம். "உங்களுக்கு நல்லதுன்னுதான் எழுதினேன்மா," என்றார். முகத்தைப் பார்த்தால் பொய் மாதிரி தெரியவில்லை. "வேற எடத்துக்கு எழுதியிருக்கேன்."

வேறு இடம் கடப்பாக்கம் பக்கம் உப்புத் தரையில் காட்டினார்கள். குழி தோண்டினால் கரிக்கிற தண்ணீர். சிலர் அங்கே போனார்கள். நான் போகவில்லை. ஏரிக்கரை மேல், கடலுக்குக் கொண்டுபோன அதே தார்ப்பாயைக் கட்டிக்கொண்டு இருக்கிறோம். கரையையும் காலி பண்ணச் சொல்லி வந்து சொல்லிவிட்டுப் போகிறார்கள். இங்கே உட்கார்ந்தால் நுணா மரம் தெரியும். செத்தவர்களுக்கு இடம் கொடுத்துவிட்டார்கள். எனக்கும் அங்கே இடம் உண்டு, அதை யாரும் தடுக்க முடியாது. அதற்கு முன்னால் இருப்பதற்கு ஓர் இடம் வேண்டும், அந்த நிலத்தை ஒட்டியே வேண்டும் என்று மறுபடியும் மனு எழுதியிருக்கிறோம். யாரையும் தோண்டிக் காட்ட மாட்டேன். இந்தத் தடவை, இப்போது எழுதுகிற இந்தக் காகிதத்தைத்தான் மனுவோடு கூட வைக்கப் போகிறேன்.

இந்த வருஷம் மாசி மகத்துக்கு எல்லாரும் போனார்கள், நான் போகவில்லை. கல்யாணமாகி வந்த நாளிலிருந்து இதுதான் முதல் தடவை. எங்கள் வீட்டுச் சீலையை அவிழ்க்க விடவில்லை. கன்னியம்மா எந்த அடையாளத்தை வைத்துத் தெரிந்துகொண்டாளோ, தெரியாது. ஆள் இருக்கிறது என்று ரோட்டில் போகிறவனுக்குத் தெரியட்டும் என்று, சமைக்க ஒன்றும் இல்லாதபோதும் அடுப்பில் சுள்ளி போட்டுப் புகை விட்டுக்கொண்டே இருந்தேன்.

பேத்தி கடலிலிருந்து திரும்பிவிட்டாள். பன்னிரண்டாவது படிக்கிறாள். இப்போது என் பக்கத்தில் உட்கார்ந்து, எப்போது முடிப்பேன் என்று பார்த்துக்கொண்டிருக்கிறாள். என் எழுத்து கோணல் என்று சிரிக்கிறாள். சிரிக்கட்டும்.

"முட்ஞ்சிச்சி. இந்தா, படி."

"அல்லாத்தயும் படிக்கணுமா ஆயா?"

"அல்லாத்தயும்தான். உங்க அத்த வர எடத்துல மட்டும் மெதுவா படி."