மருதாம்பாள் தனியாகப் பிழைத்த பத்து நாள்

மருதாம்பாள் முதல் தடவை செத்தது ஒரு செவ்வாய்க்கிழமை மத்தியானம், ரசஞ்சோறு சாப்பிட்டுக் கைகழுவி வந்து உட்கார்ந்த பதினெட்டாவது நிமிடத்தில். டேப்லெட்டின் திரை கறுத்து, நடுவில் ஒரு வரி வந்தது: குளிரில் உறைந்து இறந்தீர்கள். நாற்பது வருடமாகக் குன்னூர்க் குளிரில் மப்ளர்கூடக் கட்டாமல் திரிகிறவளுக்கு இது நல்ல மரியாதைதான்.

"யாருங்க்கா செத்தது?" என்று தோளுக்கு மேலே எட்டிப் பார்த்தாள் தெய்வம்மா.

"நான்தான்."

"வெரசாப் போய்ட்டீங்களே. காப்பி வெக்கட்டுங்களா?"

தெய்வம்மா தேயிலை ஃபேக்டரியில் தூள் சலித்து ஓய்வு பெற்றவள். கீழே ரோட்டோரம் வரிசையாகக் கட்டிய லைன் வீடுகளில் ஒன்றில் இருக்கிறாள். மருதாம்பாளின் வீடு அங்கிருந்து எண்பத்து நான்கு படி மேலே. தினமும் மத்தியானம் தெய்வம்மாதான் மூச்சு வாங்க ஏறி வருவாள். மருதாம்பாள் இறங்குவது அபூர்வம். இறங்கினால் ஏற வேண்டுமே.

அந்தப் படிதான் எல்லாவற்றுக்கும் காரணம். ஜூன் மழையில் பால் பாக்கெட்டோடு ஏறும்போது ஐம்பத்து மூன்றாவது படியில் வழுக்கி இடது மணிக்கட்டை முறித்துக்கொண்டாள். மாவுக்கட்டு பிரித்த அன்று தம்பி பாலகுமார் கோயம்புத்தூரிலிருந்து வந்தான். மில்லில் எலெக்ட்ரீசியனாக இருந்து ஓய்வு பெற்றவன். நாள் முழுக்க கேம் விளையாடுகிறவன். விரலுக்குப் பயிற்சி என்று சொல்லி ஒரு டேப்லெட்டைக் கையில் கொடுத்துவிட்டு, வந்த விஷயத்துக்கு வந்தான்.

"அக்கா, போதும். எங்கூட வந்துரு. அப்பார்ட்மென்ட்ல லிஃப்ட் இருக்குது."

"நான் தனியா இருந்து பழகுனவடா."

"நீயா? நீ எங்க தனியா இருந்த? எஸ்டேட் ஆஸ்பத்திரில வார்டு நெறைய சனம். ரிட்டயர் ஆகி, பங்களாப் பங்களாவாப் போயி கட்டல்ல கெடந்தவங்களப் பாத்துக்கிட்ட. உன்ன நீயே பாத்துக்கறது இந்த ரெண்டு வருசமாத்தான். அதுலயும் கைய ஒடிச்சுட்ட."

இது உண்மையாக இருந்ததால் அவளுக்கு ஆத்திரம் வந்தது. அவன் அதோடு விடவில்லை. டேப்லெட்டில் 'கடைசிக் குளிர்' என்ற விளையாட்டைத் திறந்து காட்டினான். உலகமெல்லாம் பனி மூடிவிட்டது. கூட்டமாகவும் விளையாடலாம், தனியாகவும் விளையாடலாம். விளையாட்டில் ஒரு நாள் என்பது நமக்கு ஒரு மணி நேரம். ஆன்லைன் என்பதால் நடுவில் நிறுத்தி வைக்க முடியாது. அன்றைய நாள் முடிந்து ஆள் படுத்தால்தான் மூடலாம்.

"இதுல தனியாப் பத்து நாள் தாக்குப் பிடி. அப்பறம் நான் வாயே தொறக்க மாட்டேன். முடியலையா, ரெண்டு வாரங்கழிச்சு ஞாயித்துக்கெழம வண்டி கொண்டாறேன், ஏறிக்க."

புத்தியுள்ள பொம்பளை சிரித்துவிட்டுப் போயிருப்பாள். மருதாம்பாள், "சரிடா" என்றாள். அறுபத்தெட்டு வயதில் பொம்மை விளையாட்டை நம்பி வீட்டைப் பந்தயம் வைத்தவள் நீலகிரி ஜில்லாவிலேயே அவள் ஒருத்தியாகத்தான் இருக்கும்.

விளையாட்டு தொடங்கும்முன் ஒரு படிவம் வந்தது. உங்கள் ஆளுக்கு என்னென்ன பலம், என்னென்ன பலவீனம் என்று நாமே தேர்ந்தெடுக்க வேண்டும். ஒப்புக்கொள்ளும் ஒவ்வொரு பலவீனத்துக்கும் சில புள்ளிகள் கிடைக்கும். அந்தப் புள்ளிகளைக் கொடுத்துத்தான் பலங்களை வாங்க வேண்டும். விளையாடத் தெரிந்தவர்கள் இந்த இடத்தில் கணக்குப் போடுவார்கள். மருதாம்பாளுக்கோ அது கேஸ் ஷீட் மாதிரி தெரிந்தது. முப்பத்து நான்கு வருடம் எஸ்டேட் ஆஸ்பத்திரியில் ஹெல்த் அசிஸ்டென்டாக இருந்து ஆயிரக்கணக்கில் கேஸ் ஷீட் எழுதியவள். ஒன்றில்கூடப் பொய் எழுதியதில்லை. கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு உள்ளதை உள்ளபடி நிரப்பினாள். முழங்கால் தேய்மானம். கிட்டப்பார்வை. வலது காது மந்தம். தூக்கம் குறைவு. பழைய எலும்பு முறிவு.

புள்ளிகள் மளமளவென்று ஏறின.

"நோவுக்கெல்லாம் மார்க்குங்களா?" என்று வாயைப் பிளந்தாள் தெய்வம்மா. "அப்ப நான் ஸ்டேட் ஃபர்ஸ்டுங்க."

அத்தனை புள்ளியையும் மருதாம்பாள் பெருமையாகச் செலவழித்தாள். காயம் கட்டுதல் வாங்கினாள். பிரசவம் பார்த்தல் வாங்கினாள். நோயாளியைத் தூக்கிப் புரட்டுதல், பதறுகிறவரை அமைதிப்படுத்துதல் இரண்டையும் உயர்ந்த ரகத்தில் வாங்கினாள். தீ மூட்டுதல் என்று ஒன்று மூலையில் கிடந்தது. அதற்குப் புள்ளி மிச்சமில்லை. பிறகு பனிக்குள் இறங்கி, யாராவது இருக்கிறார்களா என்று பார்த்துக்கொண்டே போனாள். தனியாள் ஆட்டத்தில் யார் இருப்பார்கள்? பிரசவம் பார்க்க ஒரு கர்ப்பிணி இல்லை. அமைதிப்படுத்தலாம் என்றால் பதறுகிறவள் அவள் ஒருத்திதான். பை நிறையப் பஞ்சும் பேண்டேஜுமாக, ஒரு குச்சியைக்கூடக் கொளுத்தத் தெரியாமல் விறைத்துச் செத்தாள்.

அதோடு புத்தி வந்திருக்க வேண்டும். வரவில்லை. அடுத்து மூன்று தடவையும் காயம் கட்டுதலை மட்டும் விடாமல் வாங்கினாள். கையில் தொழில் இருக்கும்போது வாங்காமல் விடுவதாவது என்று ஒரு வீம்பு. நாலாவது தடவை காலில் அடிபட்டதும் ஆசை ஆசையாக அந்தப் பொத்தானை அழுத்தினாள். 'அருகில் காயம்பட்டவர் யாரும் இல்லை' என்று விளையாட்டு பதில் சொன்னது. தன் காலைத் தானே கட்ட அது வேறொரு திறமை. அதை அவள் வாங்கியிருக்கவில்லை.

முதல் வாரம் இப்படியே போயிற்று. தெய்வம்மாதான் வழி சொன்னாள். பட்டியலை விரலால் தள்ளித் தள்ளி எழுத்துக்கூட்டிப் படித்தவள், "அக்கா, இங்க பாருங்க" என்றாள். "சிடுமூஞ்சி. மூணு மார்க்கு. கஞ்சத்தனம், அதுக்கு ரெண்டு. அடுத்தவங்களோட ஒத்துப் போகாதவர், நாலு. ஆளே இல்லாத ஊர்ல சிடுமூஞ்சியா இருந்தா யாருக்கு நட்டம்? எடுத்துக்கோங்க எல்லாத்தையும்."

"பொய் எழுதறதா?"

"இதுல எதுங்க பொய்யி?"

மருதாம்பாள் அவளை முறைத்தாள். பிறகு மூன்றையும் அழுத்தினாள். கிடைத்த புள்ளிகளில் இருபத்தைந்து வயதை வாங்கினாள். எஃகு முழங்கால், கழுகுக் கண், காளை உடம்பு என்று ஆசை தீர வாங்கினாள். அந்தப் புது உடம்போடு ஓட்டமாய் ஓடி, இருப்பதிலேயே உயரமான பாறை உச்சியில் குடிசை போட்டாள்.

"ஏனுங்க்கா அத்தன ஒசரத்துல?"

"இங்கிருந்து எல்லாந் தெரியும்."

எல்லாம் தெரிந்தது. பள்ளத்தாக்கில் தான் விட்டு வந்த சாப்பாட்டு மூட்டைகளும் தெரிந்தன. காளை உடம்பு ஒரு நாளைக்கு நாலு வேளை கேட்டது. நாலு வேளையும் கீழே இறங்கித் தூக்கிவர வேண்டியிருந்தது. தூக்கிவந்த களைப்பில் இன்னும் பசித்தது. ஆறாம் நாள் பனிப்புயல் வந்து இறங்க முடியாமல் போயிற்று. கழுகுக் கண்ணால் அரிசி மூட்டையைப் பார்த்துக்கொண்டே பட்டினியில் செத்தாள்.

அது புதன்கிழமை. சாயங்காலம் பாலகுமார் வீடியோ காலில் வந்தான்.

"ஆறு நாளா? பரவால்லியே. ஞாயித்துக்கெழம காலைல எட்டு மணிக்கு வண்டி வந்துரும். பீரோல இருக்கறத எல்லாம் கட்டி வெய்யி."

வியாழன், வெள்ளி, சனி. மூன்று நாளில் பத்து மணி நேரம். இன்னொரு தடவை செத்தால் மறுபடி தொடங்க நேரமிருக்காது. மருதாம்பாள் பீரோவைப் பார்த்தாள், ஜன்னலைப் பார்த்தாள், கடைசியில் தன்னைப் பார்த்தாள். அது அவளுக்குப் பழக்கமில்லாத வேலை.

பங்களாக்களில் வேலை பார்த்த காலத்தில் புதுசாக ஒரு வீட்டுக்குப் போனால் முதலில் நோயாளியைப் பார்க்க மாட்டாள். கட்டில் எங்கே கிடக்கிறது என்றுதான் பார்ப்பாள். மாடியில் கிடந்தால் அன்றைக்கே கீழே இறக்கச் சொல்லுவாள். கக்கூஸ் கட்டிலிலிருந்து ஆறு எட்டு வைக்கும் தூரத்துக்குள் இருக்க வேண்டும், தண்ணீர் கைக்கு எட்ட வேண்டும், விளக்குப் பொத்தான் படுத்தவாக்கில் அழுத்தும்படி இருக்க வேண்டும். "எங்கப்பா மாடிலயே இருந்து பழகுனவருங்க" என்று இழுக்கும் மகன்களை ஒரே பார்வையில் அடக்கியிருக்கிறாள். கால் வராத மனுஷனைப் பார்த்து, காலை வரவழைத்துக்கொள் என்று ஒருநாளும் சொன்னதில்லை. தனக்கு மட்டும் எஃகு முழங்கால் வாங்கப் போயிருக்கிறாள்.

வியாழக்கிழமை படிவத்தைப் பழையபடி நிரப்பினாள். முழங்கால், கண், காது, தூக்கம், மணிக்கட்டு. சிடுமூஞ்சியையும் சேர்த்துக்கொண்டாள், கேஸ் ஷீட் என்றால் முழுசாக இருக்க வேண்டுமல்லவா. கிடைத்த புள்ளிக்குத் தீ மூட்டுதல், உணவைக் கெடாமல் வைத்தல், தன் காயத்தைத் தானே கட்டுதல் மூன்றும் வாங்கினாள். காயம் கட்டுதல் பக்கம் விரல் தானாகப் போனது. இன்னொரு கையால் அதைப் பிடித்து இழுத்தாள்.

ஓடை ஓரமாக, பாழடைந்த ரோட்டுக்குப் பத்து எட்டில், தகர ஷெட் ஒன்று இருந்தது. உள்ளே நுழைந்து கட்டிலைச் சுவரோரம் போட்டாள், அடுப்பைக் கட்டிலுக்குப் பக்கத்தில் வைத்தாள், விறகையும் டப்பாச் சாப்பாட்டையும் கைக்கெட்டும் தூரத்தில் அடுக்கினாள். பிறகு உட்கார்ந்துகொண்டாள்.

"இதென்னங்க கேமு?" என்று அலுத்துக்கொண்டாள் தெய்வம்மா. "கட்டலு, அடுப்பு, கக்கூஸு. ஒரு சண்டையில்ல, ஓட்டமில்ல. பங்களாவுல பெரியவரு படுத்திருக்கறாப்பல இருக்குது."

"அந்தப் பெரியவரு தொண்ணூத்தியொண்ணு வரைக்கும் இருந்தாரு."

தூக்கம் குறைவு என்று எழுதியது நாலாம் நாள் உதவிற்று. ஓநாய் வந்து கதவைச் சுரண்டியதும் ஆள் விழித்துக்கொண்டு கொள்ளிக்கட்டையை நீட்டியது. எட்டாம் நாள், பாறை உச்சியில் ஒரு விளக்கு மினுங்கியது. ஆகாயத்திலிருந்து சாமான் பெட்டி விழுந்திருக்கிறது, இருட்டுவதற்குள் போய் எடுத்துக்கொள்ளலாம் என்று செய்தி வந்தது. மருதாம்பாளுக்குக் கை நமைத்தது. உள்ளே நல்ல கம்பளி இருக்கலாம், மருந்துப் பெட்டிகூட இருக்கலாம்.

"போங்கக்கா, போங்க!" என்று குதித்தாள் தெய்வம்மா.

"ஏறுனா எறங்கோணும். பேசாம இரு."

சனிக்கிழமை மூன்றரை மணிக்குத் திரை வெளுத்தது. பத்து நாட்கள் உயிர் பிழைத்தீர்கள். தெய்வம்மா கைதட்டினாள். மருதாம்பாள் அப்போதே தம்பியை வீடியோ காலில் கூப்பிட்டு, டேப்லெட்டை செல்போனுக்கு எதிரே மார்க் ஷீட் மாதிரி தூக்கிக் காட்டினாள்.

பாலகுமார் கண்ணைச் சுருக்கிப் பார்த்தான். "அட! நானே எட்டு நாளத் தாண்டுனதில்ல. எங்க தங்குன?"

"ஓடையோரம். ரோட்டுப் பக்கத்துல."

"மேல ஏறவேயில்லையா?"

"இந்த முட்டிய வெச்சுட்டு எவடா ஏறுவா? ஆளுக்குக் காலு ஆகாதுன்னா கீழ எடம் பாத்து உக்காரோணும். அதுகூடத் தெரியாம..."

அவளே நிறுத்தினாள். பிறகு தெய்வம்மாவிடமிருந்து புர்ரென்று ஒரு சத்தம் வந்தது; வாயில் இருந்த முறுக்கு மேஜையெல்லாம் சிதறியது. பாலகுமார் சிரிக்கவில்லை. முகத்தை ரொம்பப் பணிவாக வைத்துக்கொண்டு, "சரிங்க அக்கா. ஜெயிச்சுட்டீங்க அக்கா. இனி நான் வாயே தொறக்கலைங்க" என்றான். ஐம்பது வருடமாக நீ, வா, போ என்றவன். அந்த ஒவ்வொரு 'ங்க'வும் ஊசி போட்ட மாதிரி இருந்தது.

சொன்னபடி அவன் வாயைத் திறக்கவேயில்லை. அதுதான் தாங்க முடியவில்லை. ராத்திரிச் சாப்பாட்டுக்குள் மருதாம்பாளே போன் செய்தாள். "டேய், வண்டி சொன்னது சொன்னதுதானே? கொண்டா. கோயம்புத்தூருக்கு இல்ல. தெய்வம்மா ஊட்டுக்குப் பக்கத்துல ஒரு ஊடு சித்திரைல இருந்து காலியாக் கெடக்குது."

ஞாயிற்றுக்கிழமை அவனும் இரண்டு ஆட்களும் பீரோவை எண்பத்து நான்கு படி வழியாக இறக்கினார்கள். ஸ்ட்ரெச்சர் தூக்குகிறவர்களை அதட்டுவதுபோல மருதாம்பாள் மேலே நின்று அதட்டினாள்: தலைப்பக்கம் தூக்கு, குலுக்காதே, திருப்பத்தில் நில். புது வீட்டில் முதலில் கட்டிலுக்குத்தான் இடம் பார்த்தாள். கக்கூஸுக்கு ஐந்து எட்டு.

ஏன் இறங்கி வந்துவிட்டாய் என்று லைனில் கேட்டவர்களிடமெல்லாம், மேலே குரங்குத் தொல்லை தாங்கவில்லை என்று சொல்லிவைத்தாள். விளையாட்டில் தோற்றிருந்தால்கூட உண்மையைச் சொல்லியிருப்பாள். ஜெயித்ததைத்தான் வெளியே சொல்ல முடியவில்லை.

வாசலில் முறத்தோடு உட்கார்ந்திருந்த தெய்வம்மா தலையை நிமிர்த்தாமலே சொன்னாள்: "கொரங்கு இப்பத்தானுங்க கீழ எறங்கி வந்திருக்குது."