செத்த ராஜா பாடிய மங்களம்

எங்கள் கல்லூரி ஆங்கிலப் பேராசிரியரின் காதில் எப்போதும் ஒரு சிவப்புப் பென்சில் செருகியிருக்கும். அறுபதுகளின் கடைசியில், முந்நூறு வருடத்துக்கும் பழைய இங்கிலீஷ் நாடகம் ஒன்றைத் தமிழாக்கி, பெரிய காஞ்சிபுரத்தில் எங்களை வைத்து மேடையேற்றினார். மூலத்தில் இல்லாத ஒரு வார்த்தையை நாங்கள் சேர்த்தாலும் அந்தப் பென்சிலால் கோடு போட்டு அடித்துவிடுவார்.

கடைசிக் காட்சியில் ராஜாவாக நடித்த நான் செத்து விழுந்தேன். திரை விழுந்தும் கூட்டம் எழவில்லை.

“மங்களம் பாடாம எப்படி சார் வூட்டுக்குப் போறது?” என்றார் முன்வரிசையில் இருந்த நெசவாளர் ஒருவர்.

பேராசிரியர் திரைக்குள் வந்து என் கையைப் பிடித்துத் தூக்கினார். “எழுந்து பாடுப்பா. இங்கிலாந்துலயும் அந்தக் காலத்துல நாடகம் முடிஞ்சதும் மேடையில செத்தவங்க எழுந்து ஒரு ஆட்டம் ஆடிட்டுத்தான் போவாங்க.”

அது நிஜமா, என்னை எழுப்பக் கட்டிய கதையா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. ஆனால் நாங்கள் மங்களம் பாடியபோது ஆர்மோனியப் பெட்டியில் தாளம் தட்டியது அந்தச் சிவப்புப் பென்சில்தான்.