திருப்பி எடுக்கிற கோல்

பிரசவ லீவில் நான் வீட்டில் இருந்தபோது, துறைமுகக் கம்பனியில் என் டெலிபோன் சுவிட்ச்போர்டைப் பார்த்துக்கொண்டவள் நான் வேலை பழக்கிய பெண். ஒருநாள் மனேஜர் வீடு தேடி வந்தார். கப்பல் வரும் நேரம் எப்படியோ வெளியே கசிந்து, மூட்டை திருடும் வள்ளங்கள் முன்பே காத்து நின்றனவாம்.

“வெளியாள் மாதிரிக் கோல் எடுத்து அவளிட்டை நேரத்தைக் கேட்டுப் பாருங்கோ. எங்கை ஓட்டை எண்டு தெரியவேணும்.”

“எழுத்திலை தாங்கோ சேர். இல்லாட்டி நான்தான் கள்ளி. அவளை இன்னும் நிரந்தரமாக்கேல்லை. இதாலை அவளின்ரை வேலை போகாது எண்டும் எழுதுங்கோ.”

“உங்களுக்கு எல்லாத்துக்கும் பயம்” என்று சிரித்தபடி எழுதிக் கையெழுத்திட்டார்.

எங்கள் விதி ஒன்றுதான். நேரம் கேட்பவரைக் கோலை வைக்கச் சொல்லி, புத்தகத்தில் உள்ள அவருடைய நம்பருக்கு நாங்களே திருப்பி எடுத்துத்தான் சொல்ல வேண்டும்.

மறுநாள் பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு உப்புவெளித் தபாற்கந்தோருக்குப் போனேன். அங்குள்ள போனில், வாயில் லேஞ்சித் துணியை வைத்துக் குரலை மாற்றி, கொழும்புப் பெரிய கந்தோர் என்று அதட்டினேன்.

“ஆரெண்டாலும் வையுங்கோ. திருப்பி எடுக்கிறன்.”

பெருமையாக இருந்தது. அதோடு நிறுத்தியிருக்கலாம். ஆனால் ஒரு பூட்டை ஒரு திறப்பால் மட்டும் பார்த்தால் போதாது என்று எனக்குத் தெரியும். சற்றுப் பொறுத்து, கப்பலை உள்ளே கொண்டுவரும் பைலட்டின் மனைவியாகப் பேசி, அவர் சாப்பிட வருவாரா, கப்பல் எத்தனை மணிக்கு என்று கேட்டேன். அந்த நேரம் பார்த்துப் பிள்ளை வீரிட்டது.

“ஐயோ, பிள்ளை பசியிலை கத்துது! கப்பல் நாளைக்குக் காலமை ஆறு மணிக்குத்தான். ஐயா இண்டைக்குச் சாப்பிட வருவார். நீங்கள் பாலைக் குடுங்கோ.”

வீடுவரை யோசித்தேன். பிள்ளை அழுதது நான் திட்டமிட்டதா? இதைக் கணக்கில் எடுக்கலாமா? அறிக்கையில் எழுதினால், மனேஜர் சொன்ன சொல்லில் நிற்பாரா? ஆனால் களவுக்கு வருகிறவளும் பிள்ளையோடு வரலாம். எழுதினேன். அதட்டலுக்குப் பயப்படாதே என்று பழக்கிய நான், அழுகைக்கு இளகாதே என்று பழக்கவில்லை. பிழை என்னுடையது என்றும் எழுதினேன்.

மனேஜர் சொல் தவறவில்லை. அடுத்த மாதம் அவளை நிரந்தரமாக்கினார்கள். நடந்ததை நானே அவளிடம் சொன்னேன். இரண்டு நாள் அவள் என்னோடு கதைக்கவில்லை.

வேலைக்குத் திரும்பியபின் ஒருநாள் பிள்ளைக்குக் காய்ச்சல். அதே தபாற்கந்தோரிலிருந்து, வர ஏலாது என்று சொல்ல எடுத்தேன். தோளில் பிள்ளை அழுதது.

“பிள்ளை நல்லா அழுகுது அக்கா. வையுங்கோ, திருப்பி எடுக்கிறன்.”

வைத்தேன். மணி அடிக்கும்வரை சிரித்துக்கொண்டே நின்றேன்.