கொக்கு வேஷத்தைத் தேடி ஒகேனக்கலுக்கு

புரட்டாசி இரண்டாவது சனிக்கிழமை நானும் என் மகள் தாரணியும் ஒகேனக்கல் போய்வந்தோம். அருவி பார்க்கப் போகவில்லை. மிசாகி என்ற ஜப்பான் நடிகை அடிகிடி படாமல் நல்லபடியாக இருக்கிறாரா என்று என் கண்ணால் பார்க்கப் போனேன். சிரிக்காதீர்கள், காரணம் இருக்கிறது.

தாரணிக்கு பெங்களூரில் ஒரு சண்டைப் பயிற்சிக் குழுவில் இடம் கிடைத்திருக்கிறது. உயரத்திலிருந்து குதிப்பது, உருளுவது, கேமராவுக்காக அடிவாங்குவது எல்லாம் சொல்லித் தருவார்களாம். திங்கட்கிழமைக்குள் பதில் சொல்ல வேண்டும். அவள் அப்பா, "உங்கம்மா சரின்னா எனக்கும் சரி" என்று பாரத்தை என் தலையில் இறக்கிவிட்டுத் தோட்டத்துக்குப் போய்விட்டார்.

இந்த ஆசைக்கு விதை போட்டவர் மிசாகி. ஐந்து பேர் முகமூடி மாட்டிக்கொண்டு பூதங்களோடு சண்டை போடும் ஜப்பான் தொடர் ஒன்றைத் தாரணி பள்ளி நாளிலிருந்து செல்போனில் பார்ப்பாள். பக்கத்தில் உட்கார்ந்து காய் நறுக்கிக்கொண்டே நானும் பார்த்துப் பழகிவிட்டேன். அதில் வெள்ளைக் கொக்கு வேஷம் மிசாகிக்கு. அதற்கு முன் அவர் நூடுல்ஸ் விளம்பரத்திலும், ஒரு குடும்பத் தொடரில் நர்ஸாகவும் வந்திருக்கிறார். கொக்கு வேஷம் ஒரே வருடம்தான். அதற்குப் பிறகு பல வருடம் நல்ல வேடமே அமையவில்லை. போலீஸ் தொடர்களில் சாட்சி சொல்பவராக வந்தார், ஒன்றில் பிணமாகக்கூடக் கிடந்தார். இப்போது நாற்பது வயதுக்கு மேல், புதிய வீரர்களுக்குத் தலைவியாக அதே கொக்கு உடையில் திரும்பி வந்திருக்கிறார். அந்தத் தொடரின் சிறப்புப் பகுதி ஒன்றைத்தான் ஒகேனக்கலில் எடுக்கிறார்கள்.

முதல் வருடம் அவர் மாடியிலிருந்து குதித்த காட்சியைப் பார்த்த நாளிலிருந்து, கிருத்திகைதோறும் எங்கள் முருகன் கோயிலில் மிசாகி பெயருக்கு அர்ச்சனை செய்கிறேன். பெற்றவள் எங்கோ வயிற்றில் நெருப்பைக் கட்டிக்கொண்டு இருப்பாளே என்றுதான்.

பாப்பாரப்பட்டியில் காலை ஆறரைக்கு டவுன் பஸ் ஏறினோம். பெண்களுக்கு டிக்கெட் இல்லை. பென்னாகரத்தில் மாறி, ஒகேனக்கல் பஸ்ஸில் இருவருக்கும் சேர்த்து நாற்பது ரூபாய். மலை இறங்கும் வளைவுகளில் ஜன்னல் ஓரம் பையை வைக்காதீர்கள், பஸ் நிதானமாகும் இடத்தில் குரங்கு கை விடும். எனக்கு அந்த வளைவு ஒவ்வொன்றிலும் தாரணி எங்கிருந்தோ விழுவதுபோலவே இருந்தது. அவளோ காதில் வயரை மாட்டிக்கொண்டு தூங்கினாள்.

எட்டரைக்கு இறங்கினோம். எங்கு பார்த்தாலும் மீன் வறுக்கும் வாசனை. புரட்டாசிச் சனியில் மூக்கைப் பொத்திக்கொண்டு நடக்க வேண்டியதாயிற்று. கையில் புளிசாதம் இருந்தது, ஆனால் எனக்கு இறங்கவில்லை.

கர்நாடகத்தில் மழையாம், தண்ணீர் கூடிக்கொண்டிருந்தது. பரிசல் துறையில் கயிறு கட்டிவிட்டார்கள். ஒரு குடும்பம் பரிசல்காரரிடம் கெஞ்சிக்கொண்டிருந்தது. அவர் துடுப்பைக்கூடத் தொடவில்லை. "ஆறு எங்க மாமியா மாதிரிங்க. சத்தம் மாறுச்சுன்னா கிட்டயே போகக்கூடாது" என்றார். படப்பிடிப்பு எங்கே என்று அவரிடம்தான் கேட்டோம். கரையோரமாகக் கால் மணி நேரம் நடக்கச் சொன்னார்.

அங்கேயும் ஒரு கயிறு கட்டி, இந்தப் பக்கம் நிற்க விட்டார்கள். எதிரே பாறைமேல் கொக்கு நின்றது. வெள்ளை உடை, அலகு வைத்த தலைக்கவசம். அந்தப் பாறையிலிருந்து அடுத்த பாறைக்குத் தாவ வேண்டும். நடுவே ஒரு வண்டிப்பாதை அகலத்துக்குத் தண்ணீர் சீறிக்கொண்டு போனது. இடுப்பில் மெல்லிய கம்பி கட்டியிருந்தார்கள். இருந்தாலும் என் கை தானாகக் கூப்பிக்கொண்டது. "முருகா, மிசாகியக் காப்பாத்து" என்றேன்.

என் முதுகுக்குப் பின்னால் யாரோ இருமினார்கள். திரும்பினால் குடைக்கு அடியில், அதே வெள்ளை உடையில், தலைக்கவசத்தை மடியில் வைத்துக்கொண்டு மிசாகி இளநீர் குடித்துக்கொண்டிருந்தார்.

தாரணியின் தோளைத் தட்டினேன். "அப்ப அங்க நிக்கிறது யாரு?"

"நவோகோம்மா" என்றாள் தாரணி. "முகம் தெரியற வரைக்கும்தான் மிசாகி. முகமூடி மாட்டிட்டா உள்ள இருக்கறது நவோகோ. அங்க எல்லாருக்கும் அப்படித்தான். முதல் வருசத்துல இருந்து இவங்கதான் குதிக்கறாங்க."

"இத்தன வருசமா சொல்லவேயில்ல?"

"நீ மிசாகிக்கு அர்ச்சன பண்ணிட்டு அவ்வளவு சந்தோசமா வருவ. எப்படிம்மா சொல்றது? நான் எப்பவும் பாக்கறது நவோகோவத்தான்."

என் பயம் இரண்டு மடங்கானது. மிசாகிக்காவது முகம் இருக்கிறது, பெயர் இருக்கிறது. என் மகள் ஆசைப்படுவது விழுகிறவளின் இடத்துக்கு. விழுந்தால் யார் விழுந்தது என்றுகூட வெளியே தெரியாது.

அப்போது பாறைமேல் இருந்த கொக்கு எதிர்ப் பாறையையே பார்த்துக்கொண்டு நின்றது. இறங்கப்போகிற இடத்தில் ஓர் அலை ஏறி இறங்கியது. கொக்கு இரண்டு கைகளையும் தலைக்கு மேல் குறுக்காக வைத்துக் காட்டியது. எல்லாம் நின்றுவிட்டது. டைரக்டர் எழுந்து வந்து ஏதோ கேட்டார். மறுபடியும் அதே குறுக்குக் கை. அவர் தலையாட்டிவிட்டுத் திரும்பிப் போனார், கேமராவை மூடினார்கள். மிசாகி எழுந்து நின்று பாறையைப் பார்த்துத் தலை குனிந்து வணங்கினார்.

பக்கத்தில் மொழிபெயர்ப்பாளராக இருந்த பெங்களூர்ப் பெண்ணிடம் என்ன ஆயிற்று என்று கேட்டேன். "இறங்கற பாறை நனைஞ்சு போச்சு, இன்னைக்கு வேண்டாம்னு சொல்லிட்டாங்க ஆன்ட்டி. அவங்க வேண்டாம்னா வேண்டாம்தான். யாரும் மேல பேச மாட்டாங்க" என்றார்.

நவோகோ கரைக்கு வந்து தலைக்கவசத்தைக் கழற்றினார். என் வயதுதான் இருக்கும், முகமெல்லாம் வேர்வை. நான் கும்பிட்டேன், அவரும் கும்பிட்டார். கேட்க நினைத்ததெல்லாம் மறந்துபோயிற்று.

தாரணியைத் தனியே அழைத்துப் போனேன். இவள் வேண்டாம் என்று சொல்லத் தெரியாத பெண். விருந்துக்குப் போன வீட்டில் இன்னும் கொஞ்சம் என்று போட்டால் வயிறு வலித்தாலும் விழுங்குவாள். "நாளைக்கு ஒரு பெரிய டைரக்டர் நின்னு குதின்னா, நீ மாட்டேன்னு சொல்லுவியா?" என்று கேட்டேன்.

"சொல்லுவேம்மா."

"நீயா? சரி, இப்ப நான் சொல்றேன். பெங்களூரும் வேண்டாம், ஒண்ணும் வேண்டாம். வூட்டுக்கு வா, போலாம்."

அவள் என் கையைப் பிடித்தாள். கண் கலங்கியிருந்தது, குரல் கலங்கவில்லை. "மாட்டேம்மா. நான் பெங்களூரு போவேன்."

இருபத்தொரு வருடத்தில் அவள் எனக்குச் சொன்ன முதல் மாட்டேன். எனக்கு அழுகை வந்தது. அதற்குப் பிறகுதான் பசித்தது. கட்டிவந்த புளிசாதத்தைக் கரையில் உட்கார்ந்து இருவரும் சாப்பிட்டோம்.

திரும்பும் வழியில் ஆற்றங்கரைக் கோயிலுக்குப் போனோம். ஐயர் பெயர் கேட்டார். நவோகோ என்றேன்.

"நட்சத்திரம்?"

"தெரியாதுங்க."

"அப்ப சாமி பேருக்கே பண்ணிடட்டுங்களா?"

"இல்லீங்க சாமி, அந்தப் பேரையே சொல்லுங்க. கூடவே தாரணி, கேட்டை நட்சத்திரம்." மிசாகியையும் விடவில்லை. இத்தனை வருடப் பழக்கம்.

பயம் போய்விட்டது என்று எழுதினால் பொய். திங்கட்கிழமை அவள் போனில் "வரேன்" என்று சொன்னபோது நான் அடுப்படியில் கழுவிய பாத்திரத்தையே மறுபடி கழுவிக்கொண்டிருந்தேன்.

போகிறவர்களுக்கு: காலையிலேயே கிளம்புங்கள், மாற்றுத்துணி எடுத்துக்கொள்ளுங்கள். பாறையில் செருப்போடு ஏறாதீர்கள். பரிசல்காரர் இன்றைக்கு முடியாது என்றால் கூடுதல் பணம் காட்டிக் கெஞ்சாதீர்கள். அவருக்கு ஒரு கும்பிடு போட்டுவிட்டுக் கரையில் உட்கார்ந்து ஆற்றைப் பார்த்துவிட்டு வாருங்கள்.