கண்டெடுத்த மணிக்கூடு

லண்டன் வால்தம்ஸ்டோவில் ஒரு பழைய புத்தகக் கடை. மகன் நீட்டிய புத்தகத்தைத் திறந்ததுமே புழுங்கிய தாளின் மணம் மூக்கில் ஏறியது. தெருவில் சப்பாத்துக்குப் பொலிஷ் போடும் ஏழைச் சிறுவன் பணக்காரனாகும் பழைய அமெரிக்கக் கதை. எனக்குக் கோபம் பற்றிக்கொண்டு வந்தது.

என் சின்ன வயதில், ஈஸ்ட் ஹாமில் ஒரு கடைக்கு மேலிருந்த எங்கள் ஒற்றை அறையில், அப்பா இந்தமாதிரிக் கதைகளைச் சத்தமாக வாசித்துத்தான் ஆங்கிலம் பழகினார். கதையில் சிறுவன் கண்டெடுத்த பணப்பையைத் திருப்பிக் கொடுப்பான். முதலாளி மகிழ்ந்து நல்ல வேலை கொடுப்பார். அந்த இடம் வந்தால் அப்பாவின் குரல் உயரும்.

அவர் துப்புரவு வேலை செய்த அலுவலகத்தில் ஒருநாள் மேசைக்கடியில் தங்கக் கைமணிக்கூடு ஒன்று கிடந்தது. மறுநாள் சட்டையை அயர்ன் பண்ணிப் போட்டுக்கொண்டு மேலாளரிடம் கொடுக்கப் போனார்.

“வேறென்ன எடுத்தாய்?” என்று கேட்ட அந்த ஆள் அன்றே அப்பாவை வேலையை விட்டு நிறுத்திவிட்டான்.

“நான் நேர்மையாத்தானே குடுத்தனான்!” என்று அம்மாவிடம் திரும்பத் திரும்பச் சொன்னார் அப்பா. அதன்பிறகு அவர் கதை வாசிக்கவேயில்லை.

“அம்மா, இதை வாங்குவமா?” என்றான் மகன்.

“வாங்குவம். ஆனா முதல்ல உன்ர அம்மப்பாவுக்கு நடந்ததைக் கேள்” என்று சொல்லத் தொடங்கினேன். கடைக்காரர் திரும்பிப் பார்த்தார். நான் குரலைத் தாழ்த்தவில்லை.