நாலு பேருக்கு இலை

நேற்று திண்டுக்கல் பஸ் ஸ்டாண்டு வாசலில் கொய்யா வாங்கினேன். ஒரு பழத்தின் காம்பில் இரண்டு இலைகள் ஒட்டியிருந்தன. கிள்ளி முகர்ந்ததுதான் தாமதம், ஆரோக்கியம் அக்காவின் கோழிக்குழம்பு ஞாபகம் வந்துவிட்டது. கொய்யா இலைக்கும் கோழிக்கும் என்ன சம்பந்தம் என்கிறீர்களா? சொல்கிறேன்.

விதைக்கடையில் வேலைக்குச் சேர்ந்த புதிதில் அக்கா வீட்டு மாடியறையில் குடியிருந்தேன். சிறுமலை நண்பன் ஒருவன் நாலு குச்சிப்பூச்சிகளைக் கண்ணாடி ஜாடியில் போட்டுக் கொடுத்திருந்தான். அசையாமல் இருந்தால் சுள்ளி, நடந்தால்தான் பூச்சி. கொய்யா இலைதான் சாப்பாடு. தளிர் ஆகாது, முற்றிய இலை வேண்டும். தினமும் மாற்றி, லேசாகத் தண்ணீர் தெளிக்க வேண்டும். என் சோற்றுக்குக்கூட நான் இவ்வளவு மெனக்கெட்டதில்லை.

மரம் அக்காவுடையது. பூச்சி என்றால் அறையைக் காலி பண்ணச் சொல்லிவிடுவாரோ என்று பயந்து, பல்வலிக்குக் கொப்பளிக்க என்று புளுகித்தான் இலை பறிப்பேன். "இந்த வயசுல இம்புட்டுப் பல்வலியா அப்பு?" என்று பரிதாபப்படுவார்.

ஒரு சனிக்கிழமை எரியோட்டில் சொந்தக்காரர் கல்யாணம். பஸ்ஸுக்கு ஓடும்போதுதான் இலை மாற்றாதது உறைத்தது. வேறு வழியில்லாமல், உள்ளே போய் ஜாடியைப் பார்த்தால் புரிந்துகொள்வார் என்று தெருவிலிருந்தே கத்தினேன்: "அக்கா, ரூம்ல நம்ம ஆளுக நாலு பேரு இருக்காக. எலை போட்டுருங்க! நாளைக்கு வாரேன்!"

மறுநாள் மதியம் திரும்பினால், கூடத்தில் வரிசையாக நாலு வாழையிலை.

"ஏலே, எங்க ஒன் ஆளுக? நேத்துலருந்து கதவத் தட்டுறேன், சத்தமே இல்ல. ஆம்பளைக இருக்காகன்னு நானும் உள்ள போகல. கோழியடிச்சுக் கொழம்பு வச்சுட்டு ஒக்காந்துருக்கேன்."

மாடிக்கு ஓடினேன். ஜாடியில் வெறும் காம்புகள். மூன்று பூச்சிகள் தொங்கிக்கொண்டிருந்தன. ஒன்று அடியில் விறைத்துக் கிடந்தது. அழுதேவிட்டேன். பின்னாலேயே வந்த அக்காவிடம் பல்வலி உட்பட எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டேன். அவர் இறங்கிப்போய்க் கொய்யாக் கொப்பு ஒன்றை ஒடித்துவந்தார். தண்ணீர் தெளித்து ஜாடிக்குள் வைத்தார். விறைத்துக் கிடந்தது மெல்ல ஒரு காலை நீட்டியது. பயந்தால் செத்த மாதிரி கிடப்பது அதன் குணம் என்று எனக்கே அப்போதுதான் தெரிந்தது.

"எலையில சாப்பிடுவாகன்னு பாத்தா, எலையவே சாப்பிடுறாகளே! தொட்டுக்க வெஞ்சனம் ஒண்ணும் வேணாமாக்கும்?" சிரித்துச் சிரித்து அக்காவுக்குப் புரையேறிவிட்டது. நாலு பேர் சோற்றையும் நாங்கள் இருவருமே சாப்பிட்டு முடித்தோம். அதன்பிறகு, "பல்வலிக்காரக எந்திரிச்சாச்சா?" என்று கேட்டபடி அவரே தினமும் இலை கொண்டுவருவார்.

அந்த வீடு இருந்த இடத்தில் இன்று செல்போன் கடை. மரம் இல்லை, அக்காவும் இல்லை. இப்போதெல்லாம் வீட்டுக்கு நாலு பேர் வருகிறார்கள் என்று போன் வந்தால், யார், எதற்கு, எப்போது கிளம்புவார்கள் என்று நானே கேட்கிறேன். அக்கா ஒன்றுமே கேட்கவில்லை.